டோன் பழசு, லேப்டாப் புதுசு

கீபோர்டு புரோகிராமர், வளசரவாக்கம்

கேள்வி: புது லேப்டாப் வாங்கி எல்லாவற்றையும் மறுபடி ஏற்றினேன். பத்து வருஷமாகக் கூடவே இருந்த பிளகின்களில் பாதி பட்டியலிலேயே வரவில்லை. எங்கே போயின?

பதில்: எங்கும் போகவில்லை. ஹார்டு டிஸ்க்கில் குத்துக்கல் மாதிரி உட்கார்ந்திருக்கின்றன. உங்கள் இசை மென்பொருள்தான், கடன் கொடுத்தவரைக் கல்யாண வீட்டில் பார்த்த ஆள் மாதிரி முகத்தைத் திருப்பிக்கொண்டு போகிறது.

பிளகின் தனியாக ஓடும் மென்பொருள் இல்லை. விண்டோஸில் அது ஒரு டிஎல்எல் கோப்பு. கியூபேஸோ ஏபிள்டன் லைவோ திறந்ததும் அதன் நினைவகத்துக்குள்ளேயே போய் ஒண்டுக்குடித்தனம் நடத்தும். வீடு 64 பிட், குடிவருபவர் 32 பிட் என்றால் விண்டோஸ் உள்ளே விடாது. அதே 32 பிட் ஆள் தனி வீடு எடுத்துக்கொண்டால் ஆட்சேபணை இல்லை. பழைய கேம் ஓடுகிறது, பழைய பிளகின் ஓட மறுக்கிறது என்ற புதிருக்கு விடை இதுதான்.

ஏன் மாற்றினார்கள் என்று கேட்பீர்கள். 32 பிட் முகவரியை வைத்து 4 ஜிபிக்கு மேல் எண்ண முடியாது. அதிலும் பாதியை விண்டோஸ் தனக்கு ஒதுக்கிக்கொண்டு, மென்பொருளுக்குச் சாதாரணமாக 2 ஜிபிதான் கொடுக்கும். வயலின் கூட்டத்தை ஸ்வரம் ஸ்வரமாகப் பதிவுசெய்த சாம்பிள் தொகுப்புகள் வந்தபோது அந்த 2 ஜிபிக்கு மூச்சு முட்டியது. ஆப்பிளின் லாஜிக் 2013-லும் லைவ் 2018-லும் 32 பிட்டைக் கைகழுவின. கியூபேஸ், 2016 கடைசியில் வந்த 9-ஆம் பதிப்பில், 32 பிட் பிளகின்களுக்காக அதுவரை போட்டு வைத்திருந்த பாலத்தையும் எடுத்துவிட்டது.

மிக்ஸிங் ஆசாமி, மதுரை

கேள்வி: என்னுடையது 64 பிட் பிளகின்தான், சத்தியமாக. அதுவும் தெரியவில்லையே?

பதில்: சத்தியம் வேண்டாம், விலாசம் சொல்லுங்கள். விஎஸ்டி3 என்ற வடிவத்தில் வரும் பிளகின் கோப்புகளுக்கு ஒரே வீடு. காமன் ஃபைல்ஸ் ஃபோல்டருக்குள் விஎஸ்டி3 என்ற பெயரில் இருக்கும். விஎஸ்டி2-க்கு அந்த ஒழுங்கு கிடையாது. ஒரு கம்பெனி ஸ்டைன்பர்க் ஃபோல்டருக்குள் வைக்கும், இன்னொன்று விஎஸ்டிபிளகின்ஸ் என்று புதிதாக ஒன்று திறக்கும், மூன்றாவது தன் பெயரிலேயே கோட்டை கட்டும். மென்பொருளின் செட்டிங்கில் அந்த ஃபோல்டரைச் சேர்த்து ‘ரீஸ்கேன்’ கொடுங்கள். எனக்கு வரும் புலம்பல்களில் கணிசமான பங்கு இதிலேயே தீர்ந்துவிடும்.

தீரவில்லை என்றால் விவகாரம் கொஞ்சம் பெரியது. விஎஸ்டி என்ற இந்தப் பிளகின் வடிவத்தை 1996-ல் பெற்றெடுத்தது, கியூபேஸ் செய்கிற ஸ்டைன்பர்க். 1999-ல் விஎஸ்டி2 வந்தது; பிளகினைக் கீபோர்டால் வாசிக்கலாம் என்ற வசதி அப்போதுதான் பிறந்தது. 2008-ல் விஎஸ்டி3. அதற்குப் பிறகும் பத்து வருஷம் உலகம் விஎஸ்டி2-ஐயே கட்டிக்கொண்டு அழுதது. 2018-ல் புதிதாக யாருக்கும் விஎஸ்டி2 உரிமம் கிடையாது என்றார்கள். 2022 ஜனவரியில், இன்னும் 24 மாதத்துக்குள் எங்கள் மென்பொருள்களிலேயே ஆதரவை நிறுத்துகிறோம் என்று அறிவித்தார்கள். ஆப்பிள் சிப் உள்ள மேக்கில் கியூபேஸை அதன் சொந்த வடிவில் ஓட்டினால் விஎஸ்டி3 மட்டும்தான். ஆகவே உங்கள் பிளகின் 64 பிட்டாக இருந்தும், பெற்ற தாயே கைவிட்ட பிள்ளையாக இருக்கலாம்.

வழி உண்டு. புளூ கேட் பேட்ச்வொர்க் என்று ஒரு பிளகின். அதுவே விஎஸ்டி3, தன் மடிக்குள் விஎஸ்டி2-ஐ வைத்துக்கொள்ளும். மென்பொருளுக்குத் தெரிவது மடி மட்டும்தான்.

ஹோம் ஸ்டூடியோ, திருநெல்வேலி

கேள்வி: ‘பிரிட்ஜ்’ போட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்கிறார்கள். அது என்ன பாலம்?

பதில்: பினாமி என்று சொன்னால் நம் ஊரில் சீக்கிரம் புரியும். விண்டோஸில் ஜேபிரிட்ஜ் என்ற சின்ன மென்பொருள், பழைய 32 பிட் டிஎல்எல் ஒவ்வொன்றுக்கும் ஒரு 64 பிட் பினாமி டிஎல்எல்லைத் தயாரிக்கும். உங்கள் மென்பொருள் பினாமியிடம் பேசும். உண்மையான முதலாளி தனி புரோசஸாக வேறு வீட்டில் ஓடிக்கொண்டு, சத்தத்தை இவர் வழியாக அனுப்பிவைப்பார்.

நல்லது: முதலாளி மண்டையைப் போட்டாலும் அநேகமாக அவர் வீடு மட்டும்தான் இடியும். இரண்டு மணி நேரம் வேலை செய்த பாட்டு பிழைத்துக்கொள்ளும். பாலம் இல்லாமல் உள்ளேயே குடியிருக்கும் பிளகின்கள் செத்தால் மொத்த மென்பொருளையும் கூடவே இழுத்துக்கொண்டு போகும்.

கெட்டது: பிளகினின் ஜன்னல் தனியாக மிதக்கும். ஸ்பேஸ் பாரைத் தட்டினால் சில சமயம் பாட்டு ஓடாது, ஏனென்றால் நீங்கள் தட்டியது பக்கத்து வீட்டுக் கதவை. இருபது பிளகினைப் பாலத்தில் ஏற்றினால் போக்குவரத்துச் செலவும் ஏறும்.

ரீப்பரும் எஃப்எல் ஸ்டூடியோவும் விண்டோஸில் பாலத்தைத் தாங்களே கட்டி வைத்திருக்கின்றன. தனியாக எதுவும் வாங்க வேண்டாம். பழைய பிளகின்களோடு காலம் தள்ளுகிறவர்களுக்கு என் சிபாரிசு ரீப்பர். வின்ஆம்ப் செய்த ஜஸ்டின் ஃபிராங்கலின் கைவண்ணம். பழசை விரட்டாத சுபாவம். சொந்த உபயோகத்துக்கு 60 டாலர். 60 நாள் முழுசாக ஓட்டிப் பார்த்துவிட்டுக் கொடுக்கலாம்.

புது ஓனர், கோயம்புத்தூர்

கேள்வி: எம்2 மேக்புக் வாங்கிவிட்டேன். என் பழைய பிளகின்கள்?

பதில்: முதலில் வாழ்த்து. பிறகு ஆறுதல்.

32 பிட் என்றால் பேச்சே இல்லை. 2019-ல் கேட்டலினா வந்தபோது மேக் ஓஎஸ் அந்தக் கதவைச் சாத்தி, செங்கல் வைத்துப் பூசிவிட்டது. மொஹாவிதான் கடைசி. அதற்கு முன்னால் ‘32 லைவ்ஸ்’ என்று ஒரு பால மென்பொருள் இருந்தது. அந்தக் கரையே இல்லாமல் போனபின் பாலம் எதற்கு?

64 பிட், ஆனால் இன்டெல்லுக்காக எழுதியது என்றால் நம்பிக்கை உண்டு. ரோசெட்டா 2 என்ற துபாஷி, இன்டெல் பாஷையை ஆப்பிள் சிப்புக்கு மொழிபெயர்த்துச் சொல்லும். லாஜிக்கில் அதிக வேலை இல்லை: ரோசெட்டாவை ஏற்றி வைத்தால், லாஜிக் சொந்த வடிவில் ஓடிக்கொண்டே இன்டெல் ‘ஆடியோ யூனிட்’ பிளகின்களைத் தனி அறையில் உட்கார வைத்துக்கொள்ளும். கியூபேஸ் போன்றவற்றில் மென்பொருளையே ரோசெட்டாவில் திறக்க வேண்டும். ஃபைண்டரில் அதன் ‘கெட் இன்ஃபோ’வுக்குப் போய் ஒரு டிக்.

ஆனால் துபாஷிக்கும் ஓய்வு வயது வந்துவிட்டது. மேக் ஓஎஸ் 27 வரைதான் ரோசெட்டா முழுசாக இருக்கும் என்று 2025-ல் ஆப்பிள் சொல்லிவிட்டது. அதற்கப்புறம் சில பழைய கேம்களுக்காக ஒரு ஓரத்தில் இருக்கும். கேம் ஆடுகிறவர்களுக்குக் கிடைக்கிற கருணை பாட்டுப் போடுகிறவர்களுக்குக் கிடையாது போலிருக்கிறது.

முன்னாள் இசையமைப்பாளர், திருச்சி

கேள்வி: 2009-ல் ஒரு பக்தி ஆல்பம் பாதியில் நின்றது. இப்போது முடித்துத் தரச் சொல்கிறார்கள். புராஜெக்ட்டைத் திறந்தால் எட்டு ட்ராக்கில் ‘பிளகின் காணவில்லை’. அதே கம்பெனியின் புது விஎஸ்டி3-ஐப் போட்டேன், அப்படியும் ஏற்கவில்லை. என்ன அநியாயம்?

பதில்: ஆள் அதே ஆள்தான், ஆதார் எண் வேறு. விஎஸ்டி2 பிளகினுக்கு நாலெழுத்தில் ஓர் அடையாளம். விஎஸ்டி3-க்கு 128 பிட்டில் நீளமாக ஒன்று. புராஜெக்ட் ஃபைலில் எழுதி வைத்திருப்பது பழைய நாலெழுத்து. ‘அவரும் நானும் ஒருவரே’ என்று புதிய பிளகின் அறிமுகப்படுத்திக்கொள்ள விஎஸ்டி3-ல் வழி இருக்கிறது. செய்தவரும் உண்டு, செய்யாதவரும் உண்டு.

பழைய கம்ப்யூட்டர் உயிரோடு இருக்கிறதா? இல்லாவிட்டால் நண்பர் வீட்டுப் பரணில்? தேடிப் பிடியுங்கள். பிடித்துவிட்டால், அதிலேயே ஆல்பத்தை முடித்துவிடலாம் என்ற ஆசைக்கு மட்டும் இடம் கொடுக்காதீர்கள். உங்களுக்கு இப்போது வேண்டியது அந்தப் பிளகின் அல்ல, அதிலிருந்து 2009-ல் வந்த சத்தம். ஒவ்வொரு ட்ராக்கையும் பாட்டின் பூஜ்ஜிய நொடியிலிருந்து 24 பிட் வேவ் கோப்பாக பவுன்ஸ் செய்யுங்கள். ரிவெர்பும் டிலேயும் சேர்த்து ஒன்று, சேர்க்காமல் ஒன்று. எல்லா ட்ராக்கும் ஒரே இடத்தில் ஆரம்பித்தால்தான் புது மென்பொருளில் இழுத்துப் போட்டதும் தாளத்தோடு நிற்கும். நடுவில் ஆரம்பித்த புல்லாங்குழலை எங்கே ஒட்டுவது என்று ஒரு ராத்திரி முழுக்க உட்கார்ந்திருந்தவன் சொல்கிறேன். மிடியைத் தனியாக எக்ஸ்போர்ட் செய்யுங்கள், டெம்போவைக் காகிதத்தில் குறித்துக்கொள்ளுங்கள். பிளகினின் டோனை எஃப்எக்ஸ்பி கோப்பாகச் சேமியுங்கள். புது விஎஸ்டி3 அதைத் திறக்கவும் கூடும். கடைசியாக, பிளகின் ஜன்னலைக் கைபேசியில் படம் எடுங்கள். குமிழ்கள் எந்தப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தன என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி இல்லை.

இத்தனையும் ஒரு மத்தியான வேலை. அம்மன் பாட்டுதானே, அவளே பார்த்துக்கொள்வாள் என்று விட்டுவிடாதீர்கள்.

90-களின் குழந்தை, விழுப்புரம்

கேள்வி: ‘ரோஜா’ சவுண்ட் அப்படியே வருகிற விஎஸ்டி எது?

பதில்: ‘ரோஜா’ 1992. விஎஸ்டி 1996. மிச்சக் கணக்கை நீங்களே போடுங்கள்.

பாடகர், தூத்துக்குடி

கேள்வி: ஆட்டோ-டியூன் 5 இருந்தால்தான் குரல் நன்றாக இருக்கும் என்று என் இன்ஜினியர் அடம்பிடிக்கிறார். பழசுக்கு அப்படி என்ன மவுசு?

பதில்: அடத்தில் பாதி நியாயம். ஆட்டோ-டியூன் 1997-ல் வந்தது. செய்தவர் ஆண்டி ஹில்டபிராண்ட். அதற்கு முன் எண்ணெய்க் கம்பெனிகளுக்காக, பூமிக்குள் வெடிவைத்து எழும் எதிரொலியைக் கணக்குப்போட்டு எங்கே எண்ணெய் இருக்கும் என்று பார்த்தவர். அதே மாதிரிக் கணக்கைக் குரலுக்கும் போட்டார். பூமியில் எண்ணெய் தேடிய வித்தை தொண்டையில் சுருதி தேடப் போனது. அடுத்த வருஷமே ஷெர் பாடிய ‘பிலீவ்’ வந்து, வித்தையை ஊருக்கே காட்டிக்கொடுத்துவிட்டது.

பின்னால் வந்த பதிப்புகளில் கணக்கை மாற்றினார்கள். வழவழப்பு கூடியது; அந்த ‘வெடுக்’ குறைந்தது. 5-ஐ விடமாட்டோம் என்று அடம்பிடித்தவர்கள் எண்ணிக்கை அதிகமாக இருந்திருக்க வேண்டும், 2018-ல் வந்த ஆட்டோ-டியூன் புரோவில் ‘கிளாசிக் மோட்’ என்று பழைய பதிப்பின் குணத்தைக் கம்பெனியே திரும்ப வைத்தது. உங்கள் இன்ஜினியருக்கு அதைக் காட்டுங்கள். பழைய கம்ப்யூட்டரைக் கட்டி இழுக்க வேண்டாம்.

மீதிப் பாதி ஞாபகம். பழைய டிஸ்டார்ஷன் பிளகின்கள் பலவற்றில் ஓவர்சாம்ப்ளிங் கிடையாது. 44.1 கிலோஹெர்ட்ஸில் பதிவுசெய்தால் 22.05-க்கு மேல் எழும் ஓசைகள் மடங்கிக் கீழே வந்து, ஸ்வரத்துக்குச் சம்பந்தமில்லாத இடத்தில் உட்காரும். குற்றம்தான். ஆனால் காது அந்தக் குற்றத்தோடு இருபது வருஷம் குடும்பம் நடத்திவிட்டது. எது குணம், எது பழக்கம் என்று தெரிய வேண்டுமானால் பழசிலும் புதுசிலும் ஒரே வரியை பவுன்ஸ் செய்து, ஒலியளவைச் சமமாக்கி, எது எது என்று சொல்லாமல் இன்ஜினியரிடம் போட்டுக் காட்டுங்கள். சமமாக்க மறந்தால் சத்தமாக இருப்பதுதான் ஜெயிக்கும், அது எந்த வருஷத்துப் பிளகினாக இருந்தாலும்.

குழம்பிய மாணவர், சேலம்

கேள்வி: பாட்டு ஓடும்போது சிபியு சாதுவாக இருக்கிறது. பாட்டு முடிந்து அமைதியானதும் எகிறுகிறது! பேயா?

பதில்: பேய்தான், மிகச் சின்னப் பேய். ரிவெர்பின் வால் தேய்ந்து தேய்ந்து போகும்போது, உள்ளே எண்கள் பூஜ்ஜியத்தைத் தொடாமல் அதன் வாசலிலேயே சுற்றும். தசமப் புள்ளிக்குப் பின் முப்பத்தெட்டு இடம் தாண்டிய எண்கள். சாதாரண எண்ணைக் கண்மூடித் திறப்பதற்குள் பெருக்கும் புரோசஸர், இந்த அணுவளவு எண்களைக் கையில் எடுத்ததும், தங்கத் தூசி நிறுக்கும் ஆசாரி மாதிரி நிதானமாகிவிடும். ‘டீநார்மல்’ என்று பெயர். பென்டியம் 4 காலத்தில் இது பெரிய தொல்லை.

நல்ல பிளகின்கள் அப்படிப்பட்ட எண்ணை நேரே பூஜ்ஜியமாக்கிவிடும். சில பழசுகள் செய்யாது. காதில் விழாத அளவுக்குக் கொஞ்சம் இரைச்சலை அந்த ட்ராக்குக்குள் கலந்துவிடுங்கள். எண்கள் அந்தப் பாதாளம் வரை இறங்காது. இல்லாவிட்டால் ட்ராக்கை ஃப்ரீஸ் செய்துவிடுங்கள். அமைதியைக் காப்பாற்ற இரைச்சல் வேண்டியிருக்கிறது, பாருங்கள்.

எஃப்எல் ரசிகர், ஈரோடு

கேள்வி: எஃப்எல் ஸ்டூடியோவில் ஒரு பழைய சின்த் மட்டும் கர்கர் என்கிறது.

பதில்: அதன் ராப்பர் செட்டிங்கில் ‘யூஸ் ஃபிக்ஸ்டு சைஸ் பஃபர்ஸ்’ என்று இருக்கும். டிக் போடுங்கள். எஃப்எல், சத்தத்தைச் சின்னதும் பெரிதுமாக நறுக்கிப் பரிமாறும். பழைய பிளகினுக்கு ஒரே அளவு உருண்டைதான் தொண்டையில் இறங்கும்.

மெல்லிசைக் குழு, தஞ்சாவூர்

கேள்வி: பழைய பிளகின்களின் ஃபோல்டரை அப்படியே புதுக் கம்ப்யூட்டருக்கு காப்பி செய்தேன். பாலமும் போட்டாயிற்று, பிளகினும் ஓடுகிறது. ஆனால் பத்து வருஷமாக நான் செய்து வைத்த டோன்கள் ஒன்றுகூட இல்லை!

பதில்: அழாதீர்கள். பழைய கம்ப்யூட்டரை விற்றுவிடவில்லையே? அதில் உங்கள் யூசர் ஃபோல்டருக்குள் மறைந்திருக்கும் ஆப்டேட்டாவைத் திறந்து, லோக்கல், அதற்குள் விர்ச்சுவல்ஸ்டோர் என்று போங்கள்.

நடந்தது இது. பழைய பிளகின்கள் தாங்கள் குடியிருக்கும் புரோகிராம் ஃபைல்ஸ் ஃபோல்டரிலேயே டோன்களை எழுதிவைக்கும். விஸ்டாவிலிருந்து விண்டோஸ் அங்கே கண்டவரும் எழுதக் கூடாது என்று தடை போட்டது. ஆனால் 32 பிட் மென்பொருள்களுக்கு மட்டும் ஒரு சலுகை: ‘எழுதிக்கொள்ளப்பா’ என்று தலையாட்டிவிட்டு, எழுதியதைச் சத்தம் போடாமல் விர்ச்சுவல்ஸ்டோருக்குத் திருப்பிவிடும். பிளகினுக்கும் தெரியாது, உங்களுக்கும் தெரியாது. நீங்கள் காப்பி செய்தது கடையை. சரக்கு குடோனில் இருக்கிறது.

எடுத்து வந்ததும் இனிமேலாவது பழைய பிளகின்களை சி டிரைவில் நேராக ஒரு தனி ஃபோல்டர் போட்டு வையுங்கள். புரோகிராம் ஃபைல்ஸ் பக்கமே வேண்டாம்.

ரகசிய வாசகர், சென்னை

கேள்வி: ‘எம்எஸ்விசிஆர்100 டிஎல்எல் இல்லை’ என்கிறது. நெட்டில் அந்த டிஎல்எல்லை மட்டும் தருகிற தளங்கள் இருக்கின்றன. இறக்கலாமா? அப்படியே, விற்பனை நின்றுபோன பிளகினின் கிராக் கிடைக்கிறது, அது தப்பா?

பதில்: முதல் கேள்விக்கு: வேண்டவே வேண்டாம். அது மைக்ரோசாஃப்ட்டின் விஷுவல் சி++ 2010 தொகுப்பில் உள்ளது, அவர்களிடமே இலவசம். கம்ப்யூட்டர் 64 பிட்டாக இருந்தாலும், 32 பிட் பிளகினுக்கு எக்ஸ்86 என்று போட்ட தொகுப்பைத்தான் ஏற்ற வேண்டும். தெருவில் ஒற்றைச் செருப்பு கிடந்தால் போட்டுக்கொண்டு போவீர்களா?

இரண்டாவதுக்கு: கடையை மூடினாலும் சரக்கு ஊர்ச் சொத்து ஆகிவிடாது. சட்டம் அப்படி. நடைமுறையில், கிராக் எழுதிய நல்லவர் உள்ளே வேறு என்ன எழுதி வைத்திருக்கிறார் என்பது அவருக்கு மட்டுமே வெளிச்சம்.

ஆனாலும் உங்கள் வயிற்றெரிச்சல் எனக்குப் புரியாமல் இல்லை. காசு கொடுத்து வாங்கிய ஒரு பிளகின் என்னிடமும் இருக்கிறது. லேப்டாப் மாற்றியதும் உரிமத்தை உறுதிசெய்ய ஒரு சர்வரைக் கூப்பிட்டது. சர்வரை எப்போதோ மூடிவிட்டார்கள். ரசீது இருக்கிறது, சீரியல் நம்பர் இருக்கிறது, பெட்டிகூட இருக்கிறது. சத்தம் மட்டும் இல்லை. வாங்கியவனை வாடகைக்காரனாக்குகிற இந்த ஏற்பாட்டைக் குற்றம் என்று எழுதிய சட்டப் புத்தகம் எதுவும் என் கண்ணில் படவில்லை.

கேமல்கிரஷர் பிரியர், பாண்டிச்சேரி

கேள்வி: கேமல்கிரஷர் பிளகினைச் செய்த கேமல் ஆடியோ கம்பெனிக்கு என்ன ஆயிற்று?

பதில்: 2015 ஜனவரியில் ஆப்பிள் விழுங்கியது. அவர்களுடைய ஆல்கெமி சின்த் அதே வருஷம் லாஜிக்குக்குள் இலவசமாக எழுந்தருளியது. விண்டோஸ்காரர்கள் வாசலில் நின்றார்கள். 2002-ல் எமாஜிக்கை வாங்கி லாஜிக்கின் விண்டோஸ் பதிப்பை நிறுத்தியபோதும் இதே வாசல்தான்.

கண்ணாடி போட்டவர், நாகர்கோவில்

கேள்வி: 4கே மானிட்டரில் பழைய பிளகின் தபால்தலை சைஸில் தெரிகிறது.

பதில்: அதன் முகம் நிலையான அளவில் வரைந்த படம், பிக்சல் எண்ணிக்கை மாறாது. விண்டோஸில் மென்பொருளின் ‘கம்பாட்டிபிலிட்டி’ பக்கத்துக்குப் போய் ஹை டிபிஐ ஸ்கேலிங்கை ‘சிஸ்டம்’ என்று மாற்றுங்கள். பெரிதாகும், கொஞ்சம் மங்கும். வயதானால் எல்லோருக்கும் நடப்பதுதான்.

ஓர் இல்லத்தரசி, அம்பத்தூர்

கேள்வி: வீட்டுக்காரர் பழைய விண்டோஸ் 7 கம்ப்யூட்டரைத் தூக்கிப்போட விடமாட்டேன் என்கிறார். ‘அதில்தான் என் சவுண்ட் இருக்கிறது’ என்கிறார். மேஜையில் பாதியை அது அடைத்துக்கொண்டிருக்கிறது. நீங்களாவது சொல்லுங்கள்.

பதில்: மன்னிக்கணும் அம்மா, இந்த ஒரு விஷயத்தில் அவர் சொல்வது சரி. பழைய பிளகின்களுக்குப் பாலத்தைவிட, பினாமியைவிட, துபாஷியைவிட நம்பகமான வழி, அவை பிறந்த வீட்டிலேயே அவற்றை விட்டுவைப்பதுதான். மேஜையிலிருந்து இறக்கிக் கீழே வைக்கச் சொல்லுங்கள். இன்டர்நெட் வயரைப் பிடுங்கிவிடுங்கள். பாதுகாப்பு அப்டேட் நின்றுபோன கம்ப்யூட்டரை வெளியே விடக் கூடாது. விண்டோஸ் 10-க்கும் வழக்கமான இலவச அப்டேட் 2025 அக்டோபர் 14-ஓடு முடிந்துவிட்டது. ஹார்டு டிஸ்க்கை அப்படியே குளோன் எடுத்து அலமாரியில் வைக்கச் சொல்லுங்கள், நகைப் பெட்டிக்குப் பக்கத்தில்.

இரண்டாவது கம்ப்யூட்டருக்கு அவர் இதே காரணத்தைச் சொன்னால் எனக்கு மறுபடி எழுதுங்கள்.

உபுண்டு வாசி, யாழ்ப்பாணம்

கேள்வி: லினக்ஸில் விண்டோஸ் பிளகின்கள் ஓடுமா?

பதில்: வேடிக்கை என்னவென்றால், சில சமயம் விண்டோஸைவிட ஒழுங்காக ஓடும். விண்டோஸ் மென்பொருளை லினக்ஸில் ஓட்டும் வைன் மீது யாபிரிட்ஜ் என்ற பாலத்தைப் போடுங்கள். 32 பிட் விஎஸ்டி2-ஐயும் ஏற்றிக்கொள்ளும். உரிமத்துக்கு டாங்கிள் என்ற யூஎஸ்பி சாவி கேட்கிற பிளகின் என்றால் மட்டும் நேரத்தை வீணாக்காதீர்கள்.

வம்பு வாசகர், காரைக்குடி

கேள்வி: ஊருக்கெல்லாம் சொல்கிறீர். உம்மிடம் இன்னும் ஓடும் மிகப் பழைய பிளகின் எது?

பதில்: சின்த்1. ஜப்பானின் இச்சிரோ தோடா, நார்டு லீட் 2 என்ற சிவப்புக் கீபோர்டை மாதிரியாக வைத்து எழுதி, இலவசமாகக் கொடுத்தது. பாலம் வேண்டாம், பினாமி வேண்டாம். அவரே 64 பிட்டுக்கும் தயார் செய்துவிட்டார். ஜன்னல்தான் இன்னும் அதே தபால்தலை சைஸ். நாகர்கோவில்காரருக்குச் சொன்ன வைத்தியத்தை நானும் செய்துகொண்டேன்.